வயரை ஊதினால் சரியாகிவிடும்

சக்கரம் சுற்றிக்கொண்டே இருந்தது. கப்பலின் சுக்கான் சக்கரம் போல ஒரு படம், திரையின் நட்டநடுவில். நல்ல நாளாக இருந்தால் அது நாலு சுற்று சுற்றுவதற்குள் ஆள் கப்பலுக்குள் இருப்பான். இப்போதோ அது சுற்றிச் சுற்றி, பார்க்கிறவனுக்கே தலை சுற்றின பிறகு, "சர்வரிடமிருந்து பதில் இல்லை" என்று ஒற்றை வரியைக் காட்டிவிட்டு நின்றது.

"பதில் இல்லையாம்ல, பதில்! கேக்குறது நான், உனக்கென்ன கேடு?" என்று ஃபியூஸ் திரையைப் பார்த்துக் கத்திவிட்டு மறுபடியும் அமுக்கினான். சக்கரம் மறுபடியும் சுற்றத் தொடங்கியது.

ஃபியூஸ் என்பது நண்பர்கள் வைத்த பெயர். ஆள் லிஃப்ட் மெக்கானிக். வேலையை வைத்து வந்த பெயர் என்று வெளியாட்கள் நினைப்பார்கள். அதெல்லாம் இல்லை. தொட்டதற்கெல்லாம் எரிந்து விழுவான், அதனால் வந்தது. எரிந்து முடித்ததும் தான் எரிந்ததையே மறந்துவிட்டு, "வாடா, டீ சாப்பிடலாம்" என்று தோளில் கைபோடுவான். அவன் மறந்துவிடுவான். சுடுபட்டவனும் மறந்துவிடுவான் என்று அவனாக ஒரு கணக்கு வைத்திருந்தான்.

வாரம் முழுக்க அவன் இருப்பது லிஃப்ட் ஓடும் குழிக்குள். கம்பெனி உதவியாளை நிறுத்தியதிலிருந்து தன்னந்தனியாக. கிரீஸ் வாடை, இருட்டு, எங்கோ மேல்மாடியில் கதவைத் திறந்து "இன்னும் எவ்வளவு நேரம்பா?" என்று கேட்கிற குரல். பேச்சுத்துணை என்று பார்த்தால் அந்தக் குரல்தான். மனைவி மருந்துக்கடையில் பில் போடுகிறாள், ஞாயிற்றுக்கிழமைதான் அங்கே கூட்டம் நெரியும். ஆகவே ஞாயிறு மத்தியானம் சாப்பிட்டுக் கை கழுவிவிட்டால் அவனுக்கு இந்த உலகத்தில் மிச்சமிருப்பது அந்தக் கப்பல் ஒன்றுதான்.

நாலு பேர் சேர்ந்து ஓட்டுகிற கப்பல் அது, கம்ப்யூட்டர் விளையாட்டில். ஒருத்தன் சுக்கான் பிடிக்க வேண்டும், ஒருத்தன் பாயை இறக்க ஏற்ற வேண்டும், ஒருத்தன் பீரங்கி, இன்னொருத்தன் ஓட்டை வழியாகப் புகும் தண்ணீரை வாளியால் இறைக்க வேண்டும். அவரவர் வீட்டில், அவரவர் நாற்காலியில், காதில் ஹெட்போன். கொள்ளையடித்ததைவிடச் சிரித்ததுதான் அதிகம். தொழிற்பயிற்சிக் கூடத்தில் ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவர்கள், இன்று ஒருவரை ஒருவர் நேரில் பார்ப்பதே அபூர்வம். அந்தக் கப்பல் இல்லாவிட்டால் ஆளுக்கொரு மூலைதான்.

ஊருக்கெல்லாம் திறந்துவிட்ட கடலில் அவர்கள் ஆடுவதில்லை. தங்களுக்கென்று தனி சர்வர் வைத்திருந்தார்கள். சர்வர் என்றால் பெரிதாக ஒன்றுமில்லை, யார் வருகிறார்கள் என்று பார்த்து உள்ளே சேர்த்துக்கொள்கிற ஒரு பழைய கம்ப்யூட்டர். அதைக் கட்டியது ஃபியூஸ். கரண்ட் போனாலும் நிற்கக்கூடாதென்று, இன்வெர்ட்டர் வைத்திருக்கிற அச்சாபீஸ் கடையில், காகிதக் கட்டுகளுக்குப் பின்னால் கொண்டுபோய் வைத்தான். அச்சாபீஸ் என்பதும் ஆள் பெயர்தான், நோட்டீஸும் விசிட்டிங் கார்டும் அடித்துக் கொடுக்கிற நண்பன். அந்தப் பெட்டிக்கு முன்னால் உட்கார்ந்தால்தான் அதில் எதையும் மாற்ற முடியும். பாதுகாப்புக்காக அப்படிச் செய்து வைத்ததும் சாட்சாத் ஃபியூஸ்தான்.

இப்போது அந்தப் பெட்டிதான் அவனுக்குப் பதில் சொல்ல மாட்டேன் என்கிறது.

முதலில் பல்செட்டுக்குப் போன் போட்டான். பல் ஆஸ்பத்திரிகளுக்குப் பொய்ப்பல் செய்து கொடுக்கிறவன் அவன், கப்பலில் பாய் அவன் பொறுப்பு.

"உனக்கு வருதாடா?"

"எனக்கா? வரலையேடா. எனக்கும் அப்படியேதான் சுத்துது" என்றான் பல்செட்டு, கொஞ்சம் இழுத்து.

அடுத்து அச்சாபீஸ். "எங்க எல்லாருக்கும் நல்லா வருதுடா. உனக்கு மட்டும்தான் வரல. உன் லைன்தான் பிரச்சனை."

"பல்செட்டு தனக்கும் வரலன்னு சொல்றான்?"

"அவனா... அவனுக்கும் லைன் பிரச்சனையா இருக்கும்" என்றான் அச்சாபீஸ்.

பொய் சொல்கிறவர்கள் முன்கூட்டியே ஒருமுறை கூடிப் பேசி வைத்துக்கொண்டால் என்ன குறைந்துவிடும்? அந்த மரியாதைகூட அவனுக்குக் கிடைக்கவில்லை. ஆனால் ஃபியூஸுக்கு அது உறைக்கவில்லை. இரண்டு இடத்தில் இரண்டு கோளாறு என்று எடுத்துக்கொண்டான். மெக்கானிக் புத்தி.

"நான் கடைக்கு வந்து பெட்டியைப் பாத்துடுறேன்டா. பத்து நிமிஷ வேலை."

"ஐயையோ வேணாம், வேணாம். ஷட்டரைப் போட்டாச்சு. நீ எதுக்கு அலையுற? அடுத்த ஞாயிறு நானே உன் வீட்டுக்கு வந்து பாக்குறேன்."

நோட்டீஸில் எழுத்துப்பிழையைக்கூடப் பார்க்கத் தெரியாத அச்சாபீஸ், ஃபியூஸ் வீட்டுக்கு வந்து கோளாறு பார்க்கப் போகிறானாம். நல்லா இருக்கு கதை! ஃபியூஸ் அதைப் பாசம் என்று நினைத்துக்கொண்டான்.

அந்த வாரம் முழுக்க சாயங்காலம் வேலை விட்டு வந்ததும் அவன் அந்த மேசையே கதி என்று கிடந்தான். லிஃப்ட் நின்றுவிட்டால் கோபப்படக் கூடாது, ஒவ்வொன்றாகக் கழிக்க வேண்டும் என்பது அவன் தொழில் தர்மம். மனிதர்கள்மேல் எரிந்து விழுகிறவன், இயந்திரங்களிடம் மட்டும் பொறுமையின் சிகரம். கதவு சரியா, கழி. கயிறு சரியா, கழி. கடைசியில் எது மிஞ்சுகிறதோ அதுதான் குற்றவாளி.

ரூட்டரை அணைத்துப் போட்டான். சுற்றியது. கம்ப்யூட்டரில் வெளியாளைத் தடுக்கிற பயர்வாலை நிறுத்திப் பார்த்தான். சுற்றியது. விளையாட்டையே அழித்துவிட்டு முதலிலிருந்து இறக்கினான், அது இறங்கி முடிப்பதற்குள் அவன் நாற்காலியிலேயே தூங்கி எழுந்துவிட்டான். சுற்றியது. வீட்டு லைனை விட்டுவிட்டு, போனிலிருந்து ஹாட்ஸ்பாட் எடுத்துப் போட்டான். அப்போதும் சுற்றியது என்றால் லைன் குற்றமற்றது என்று ஒரு குழந்தைக்குக்கூடத் தெரிந்திருக்கும். அவனோ அதற்கு மறுநாள் போய்ப் புது ரூட்டர் வாங்கி வந்தான்.

மனைவி கதவோரம் நின்று அந்த அட்டைப்பெட்டியைப் பார்த்தாள். "மிக்ஸி ஓடலன்னு ஒரு மாசமா சொல்றேன், 'பாக்கலாம், பாக்கலாம்'னீங்க. இதுக்கு மட்டும் ஒரே நாள்ல புதுசு வந்துடுச்சு."

"இது அவசரம்."

"ஒரு மாசமா அம்மியில அரைக்கிறேனே, அது அவசரமில்லையா?" என்றவள், செருப்பைக் கழற்றிக்கொண்டே எதேச்சையாகக் கேட்டாள்: "எல்போர்டு அண்ணனுக்கும் இப்படித்தானே சுத்திக்கிட்டே இருந்துச்சு? நீங்கதானே போய்ப் போய்ப் பாத்தீங்க? கடைசில என்னதான் கோளாறுன்னு கண்டுபிடிச்சீங்களா இல்லையா?"

"அது வேற" என்று வெடுக்கென்று சொன்னான் ஃபியூஸ்.

எப்படி வேறு என்று அவளுக்குச் சொல்லவில்லை. நாம் சொல்லலாம்.

எல்போர்டு டிரைவிங் பள்ளிக்கூடத்தில் கார் ஓட்டக் கற்றுக்கொடுக்கிறவன். கப்பலில் தண்ணீர் இறைத்தவன் அவன்தான். சாதுவான ஆள். போன வருஷம் அவன் மனைவி, பெண்குழந்தையைக் கூட்டிக்கொண்டு அம்மா வீட்டுக்குப் போனவள் திரும்பி வரவில்லை. அதிலிருந்து அவன் வாயைத் திறந்தால் அதே பேச்சு. எதிரிக் கப்பல் பக்கத்தில் வந்து பீரங்கி வெடிக்கிற நேரம் பார்த்து, "இன்னைக்கும் பொண்ணு போனை எடுக்கலடா" என்பான். பொக்கிஷப் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ஓடுகிறபோது, "நான் என்ன தப்பு பண்ணேன், நீங்களே சொல்லுங்கடா" என்பான். மைக்கில் அழுவான். தண்ணீர் இறைக்க மறந்துவிடுவான், கப்பல் முழுகும்.

"வாரத்துல ஒரு நாள் சிரிக்கலாம்னு வந்தா, இவன் எழவு வீடு ஆக்குறான்" என்றான் பல்செட்டு. யார் சொல்வது, எப்படிச் சொல்வது என்று மூவரும் அச்சாபீஸ் கடையில் நின்று முழித்தபோது, வழி சொன்னவன் ஃபியூஸ்.

"மூஞ்சிக்கு நேரா சொன்னா அழுதுடுவான். சர்வர்ல தடை போட்டா 'நீங்கள் நீக்கப்பட்டீர்கள்'னு அவன் திரையில வந்துடும், அதுவும் அசிங்கம். நான் ஒண்ணு பண்றேன் பாரு. அவன் பேர்ல யாராவது கதவைத் தட்டினா, சர்வர் வான்னும் சொல்லாது, போன்னும் சொல்லாது. கம்முனு இருக்கும். அவன் நெட்டு கோளாறுன்னு நினைச்சுப்பான். பகையும் இல்ல, பழியும் இல்ல. மரியாதையா கழட்டிவிட்ட மாதிரி ஆச்சு."

ஃபியூஸ் பெட்டி முன்னால் உட்கார்ந்து அதைச் செய்து முடிக்க, அச்சாபீஸ் பிஸ்கட்டைக் கடித்துக்கொண்டே பின்னால் நின்று எல்லாவற்றையும் பார்த்தான். "கில்லாடிடா நீ" என்று முதுகில் தட்டினான்.

எல்போர்டு நம்பினான், அல்லது நம்பியதாகத்தான் தெரிந்தது. "நீதான்டா வந்து பாக்கணும்" என்று கூப்பிட்டான். போகாவிட்டால் சந்தேகம் வருமே! ஃபியூஸ் முதல் தடவை அச்சாபீஸையும் துணைக்குக் கூட்டிக்கொண்டு போனான். போய் என்ன செய்வது? கோளாறே இல்லாத இடத்தில் கோளாறு பார்ப்பது லேசுப்பட்ட வேலையா? கையைக் காலை ஆட்டியாக வேண்டுமே என்று நெட் வயரைக் கழற்றினான். அதன் முனையை வாய்க்கு நேரே பிடித்து, "பூ, பூ" என்று இரண்டு தடவை ஊதினான். சட்டை நுனியில் துடைத்து மறுபடி மாட்டினான். இந்த உலகத்தில் எந்த மெக்கானிக்கும் நெட் வயரை ஊத மாட்டான். ஊதி ஆகப்போவது ஒன்றுமில்லை. அந்த நிமிஷத்தில் அவன் வாய்க்கு வந்த நாடகம் அது. பிறகு ரூட்டரை அணைத்துப் போட்டான். பிறகு உதட்டைப் பிதுக்கி, "உன் ஏரியா லைன்தான்டா பிரச்சனை. கம்பெனிக்காரன்கிட்ட சொல்லு" என்றான். வெளியே வந்து தெருமுனை திரும்பினதும் அச்சாபீஸ் "பூ, பூ" என்று ஊதிக் காட்ட, இரண்டு பேரும் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார்கள்.

அதற்கப்புறமும் சில ஞாயிற்றுக்கிழமை ஃபியூஸ் தனியாகப் போய் ஊதிவிட்டு வந்தான். போகும்போதெல்லாம் டீயும் பிஸ்கட்டும் தயாராக இருக்கும். கம்ப்யூட்டர் பக்கத்தில் புதிதாக ஒரு நாற்காலிகூட வாங்கிப் போட்டிருந்தான் எல்போர்டு. பிறகு ஃபியூஸுக்குச் சலித்துவிட்டது. போன் வந்தால் எடுப்பதில்லை. கொஞ்ச நாளில் போனும் வருவதில்லை. எல்போர்டு இடத்துக்கு அச்சாபீஸின் மச்சினன் வந்து சேர்ந்தான். அவன் நல்ல கேலிக்காரன், ஆனால் கையில் வேகமில்லை. போன மாதம் ஒரு நாள் சுக்கானை அவனிடம் கொடுத்தபோது பாறையில் கொண்டுபோய்க் கப்பலை மோதிவிட்டான் என்று ஃபியூஸ் அவனை மைக்கில் வாங்கு வாங்கென்று வாங்கினான். "கண்ணு என்ன புறங்கையிலயா இருக்கு? உன்னையெல்லாம் வாளி தூக்கத்தான் வெச்சிருக்கணும்!" மச்சினன் ஹெட்போனைக் கழற்றி வைத்தான். வழக்கம் போல ஃபியூஸ் எரிந்தான், மறந்தான்.

இதுதான் அந்த "வேற". இவ்வளவு கழித்தவன் இதை மட்டும் கணக்கிலேயே எடுக்கவில்லை. பூட்டு செய்கிறவனுக்குத் தன் வீட்டுக் கதவிலேயே அது தொங்கும் என்று தோன்றாது.

ஞாயிறு வந்தது. அச்சாபீஸும் வந்தான். பேச்சு மாறாதவன்தான், அதைச் சொல்லியாக வேண்டும். ஃபியூஸ் டீ போட்டு வைத்திருந்தான், கடைக்குப் போய் நல்ல பிஸ்கட்டாகப் பார்த்து வாங்கியிருந்தான். சாப்பாட்டு மேசையிலிருந்து ஒரு நாற்காலியை இழுத்து வந்து தன் நாற்காலிக்குப் பக்கத்தில் போட்டிருந்தான். அச்சாபீஸ் அதன் நுனியில் உட்கார்ந்தான். சாய்ந்து உட்காரவில்லை.

"எங்க, காட்டு பாக்கலாம்."

ஃபியூஸ் அமுக்கினான். சக்கரம் சுற்றியது. அச்சாபீஸ் அதைப் பார்க்காமல் சுவரில் மாட்டியிருந்த காலண்டரைப் பார்த்தான்.

"ஹாட்ஸ்பாட்லயும் இதேதான்டா. புது ரூட்டர் போட்டும் பாத்துட்டேன்" என்றான் ஃபியூஸ். "போர்ட் ஏதாவது அடைச்சிருக்குமோ?"

"இருக்கும், இருக்கும்" என்றான் அச்சாபீஸ். பிறகு, ஏதோ நினைவு வந்தவன் போல எழுந்து, ரூட்டருக்குப் பின்னால் கையை விட்டான். வயரைக் கழற்றினான். முனையை வாய்க்கு நேரே பிடித்தான்.

பூ. பூ.

சட்டை நுனியில் துடைத்தான். மாட்டினான். ரூட்டரை அணைத்துப் போட்டான்.

ஃபியூஸின் கை மவுசின் மேலேயே நின்றுவிட்டது. லிஃப்ட் கயிறு அறுந்தால் எப்படி இருக்கும் என்று அவனிடம் பலர் கேட்டிருக்கிறார்கள், அதெல்லாம் அறுந்துபோகாது என்று சிரிப்பான். இப்போது அவனுக்குத் தெரிந்தது. ஹாட்ஸ்பாட்டிலும் சுற்றியது எதனால், கடைக்கு வராதே என்று பதறியது எதனால், பல்செட்டு இழுத்தது எதனால், எல்லாம் ஒன்றன்மேல் ஒன்றாக வந்து விழுந்தன.

அச்சாபீஸுக்கு ஒன்றும் தெரியவில்லை. பாடத்தை ஒப்பிக்கிற மும்முரத்தில் இருந்தான். உதட்டைப் பிதுக்கினான். "உன் ஏரியா லைன்தான்டா பிரச்சனை. கம்பெனிக்காரன்கிட்ட சொல்லு."

வார்த்தை மாறாமல் அப்படியே. பாவி, ஒரு சொல்லையாவது மாற்றியிருக்கலாம்.

ஃபியூஸ் வெடித்திருக்க வேண்டும். சட்டையைப் பிடித்து உலுக்கியிருக்க வேண்டும். தொண்டை வரை வந்துவிட்டது. "எவன்கிட்டடா ஊதிக் காட்டுற? சொல்லிக் கொடுத்தவன்கிட்டயேவா?" என்று ஒரு வார்த்தை, அவ்வளவுதான், எல்லாம் முடிந்துவிடும். அப்போதுதான் அவன் கண்ணில் பட்டது, அச்சாபீஸ் உட்கார்ந்திருந்த நாற்காலி. தன் பக்கத்தில் ஒரு மனிதன் வந்து உட்கார்ந்து எத்தனை நாளாகிறது என்று நினைத்துப் பார்த்தான். சொல்லிவிட்டால் இவன் எழுந்து போவான். போனால் போனதுதான். நாளைக்கு மறுபடி குழி, கிரீஸ், "இன்னும் எவ்வளவு நேரம்பா?" அடுத்த ஞாயிறு மத்தியானம் இந்த வீட்டில் ஃபேன் சத்தம் மட்டும்தான் இருக்கும்.

தன் வாயிலிருந்து வந்த குரல் அவனுக்கே அந்நியமாக இருந்தது. கெஞ்சுகிற குரல்.

"அடுத்த ஞாயிறும் ஒரு எட்டு வந்து பாரேன்டா. வேற ஏதாவது தோணும்."

"பாக்கலாம்டா, பாக்கலாம்" என்றான் அச்சாபீஸ். "மச்சினன் வேற எங்கயோ போகணும்னான்." டீயை முழுசாகக்கூடக் குடிக்கவில்லை. செருப்பை மாட்டிக்கொண்டு படியிறங்கினான். தெருமுனை வரை ஃபியூஸ் ஜன்னலில் நின்று பார்த்தான். முனை திரும்புவதற்கு முன்பே அச்சாபீஸ் போனைக் காதில் வைத்துக்கொண்டான், தோள்கள் குலுங்கின.

அந்தக் கெஞ்சலை ஃபியூஸ் எங்கோ கேட்டிருக்கிறான். எங்கே என்று தேட வேண்டியிருக்கவில்லை. "அடுத்த ஞாயிறும் வந்து பாரேன்டா, வேற ஏதாவது தோணும்." கதவைப் பிடித்துக்கொண்டு எல்போர்டு சொன்னது. ஒவ்வொரு தடவையும் சொன்னது. கடைசியாகப் போன அன்று எல்போர்டு கம்ப்யூட்டரைப் போடவே இல்லை. புது நாற்காலியில் அவனை உட்காரவைத்து, டீயைக் கையில் கொடுத்து, ஏதேதோ பேசிக்கொண்டே இருந்தான். ஃபியூஸ்தான், "சரி சரி, ஆன் பண்ணு, எனக்கு நேரமாகுது" என்று சொல்ல வேண்டியிருந்தது. அப்போது எல்போர்டு அவனைப் பார்த்த பார்வையை மந்தமான பார்வை என்று நினைத்தான்.

மந்தம் யாருக்கு? எல்போர்டுக்குத் தெரிந்திருக்கிறது. முதல் நாளே தெரிந்திருக்கும். தெரிந்தும் டீ போட்டிருக்கிறான். யாராவது ஒருத்தன் வந்து உட்கார்ந்தால் போதும், அவன் பொய் சொல்லவே வந்தால்கூடப் பரவாயில்லை என்று இருந்திருக்கிறான். அந்தப் பொய்யைக்கூடத் தொடர்ந்து போய்ச் சொல்லாமல் பாதியில் விட்டவன் ஃபியூஸ்.

போனை எடுத்தான். வைத்தான். மறுபடி எடுத்துப் போட்டான். மணி போய்க்கொண்டே இருந்தது, எடுக்க மாட்டான் என்று இவன் நினைத்த நேரத்தில் எடுத்தான்.

"ம்" என்றது எல்போர்டின் குரல்.

மன்னிச்சிடுடா என்று சொல்லத்தான் கூப்பிட்டான். சத்தியமாக அதற்குத்தான். ஆனால் நாக்கு என்று ஒன்று இருக்கிறதே, அது எப்போது நம் பேச்சைக் கேட்டிருக்கிறது?

"எல்போர்டு, நான்தான். சும்மாதான் கூப்பிட்டேன். உன் வீட்டு நெட்டு எந்தக் கம்பெனிடா? எனக்கு கேம்ல சேர முடியல, அதான்..."

அந்தப் பக்கம் நாற்காலியை இழுக்கும் சத்தம் கேட்டது.

"சக்கரம் சுத்துதா?" என்றான் எல்போர்டு.

"ஆமா."

"ரொம்ப நேரம் சுத்திட்டு, சர்வர் பதில் சொல்லலன்னு வருதா?"

"ஆமாடா."

"யாராவது வந்து பாத்தாங்களா?"

ஃபியூஸ் கண்ணை மூடிக்கொண்டான். "அச்சாபீஸ் வந்துட்டுப் போனான்."

"ம்." குரலில் கோபமில்லை. கார் ஓட்டக் கற்றுக்கொள்ள வந்தவனுக்குக் கியர் மாற்றச் சொல்லிக்கொடுக்கிற அதே நிதானம். "வயரைக் கழட்டி ஊதிப் பாரு. ரெண்டு தடவை ஊதணும். சட்டையில துடைச்சு மாட்டு. சரியாயிடும்."

அவ்வளவுதான். போனை வைத்துவிட்டான்.